14 டீம்ல ஆடின பிட்சர், நல்லவரா சுமாரா?

பேஸ்பால் இப்பதான் பாக்க ஆரம்பிச்சிருக்கேன் மக்களே. எட்வின் ஜாக்சன்னு ஒரு பிட்சர் (பந்து எறியுறவர்) 14 மேஜர் லீக் (டாப் லீக்) டீம்ல ஆடிருக்காராம், அதான் ரெக்கார்டாம். இத்தனை டீம் கழட்டி விட்டும் எப்டி திரும்பத் திரும்ப வேலை கிடைச்சுது?

பதில் 1:
கழட்டி விட்டாங்கன்னு மட்டும் சொல்ல முடியாது ப்ரோ, பாதி ட்ரேடுதான், அதாவது டீமுங்களே ஆள மாத்திக்கிறது. 2011 ஜூலைல ஒரே நாள்ல சிகாகோ வொயிட் சாக்ஸ்லேர்ந்து டொரன்டோ, அங்கேர்ந்து செயின்ட் லூயிஸ், ஆனா அந்த வருஷமே கார்டினல்ஸோட (அதான் செயின்ட் லூயிஸ் டீம்) வேர்ல்ட் சீரிஸ், அதாவது சாம்பியன் பட்டம், ஜெயிச்சுட்டார், அதுக்குப் பேரு அதிர்ஷ்டம். 2011ல ஒரு மேட்ச் கூட ஆடாத அந்த டொரன்டோவே 2019ல கூப்டுச்சு, அதான் 14வது டீம். பழைய ரெக்கார்டு ஆக்டாவியோ டோடெல்னு இன்னொரு பிட்சர், 13 டீம். அவரும் அந்த 2011 கார்டினல்ஸ்லதான் இருந்தார்!

பதில் 2:
2010ல நோ-ஹிட்டர் (எதிர் டீமுக்கு ஒரு ஹிட் கூட குடுக்காத மேட்ச்) போட்ட ஆளுங்க. அரிசோனாவுக்காக, தன்னோட பழைய டீம் டேம்பா பேக்கு எதிரா. 149 பால் போட்டு 8 பேர வாக் (தப்பான பால் போட்டு சும்மாவே முதல் பேஸுக்கு) விட்டார், அழகான ஆட்டம்னு சொல்ல மாட்டேன் ஆனா ஒரு ஹிட் கூட இல்ல. மொத்தமா 107 வெற்றி 133 தோல்வி, அதனால பெரிய ஸ்டார் இல்லதான். வேகமா போடுற கை, இன்னிங்ஸ தாங்குற உடம்பு, அதுக்கு எப்பவும் டிமாண்டு உண்டு.

பதில் 3:
முதல் மேட்ச விட்டுட்டீங்களே தல. 2003, இருபதாவது பொறந்தநாள் அன்னிக்கு, டாட்ஜர்ஸ் டீமுக்கு இறங்கி, பெரிய ஸ்டார் பிட்சர் ராண்டி ஜான்சனையே தோக்கடிச்சார்.

கேள்வி கேட்டவர்:
அடேங்கப்பா. அந்த 149 பால் மேட்ச தேடிப் பாக்குறேன், நன்றி.