‘கட்ஜன்’ என்ற ஆங்கிலச் சொல்: மீனா, இரும்பு முளையா, ஏமாளியா? மொழிபெயர்ப்பில் உதவி தேவை

கேள்வி: மொழிபெயர்ப்பாளர்

அனைவருக்கும் வணக்கம். 19-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில், ஆற்றங்கரையில் நீர்ச்சக்கரத்தால் இயங்கும் மாவு ஆலையைக் களமாகக் கொண்ட ஓர் ஆங்கிலக் கதையைத் தமிழாக்கம் செய்துகொண்டிருக்கிறேன். அதில் ‘கட்ஜன்’ என்ற சொல் அடிக்கடி வருகிறது. ஆங்கிலத்தில் அதன் எழுத்துகள் ஜி, யூ, டி, ஜி, இ, ஓ, என். என்னிடமுள்ள கையடக்க அகராதி ‘ஒரு வகைச் சிறு நன்னீர் மீன்’ என்று மட்டும் சொல்லி முடித்துக்கொள்கிறது. அந்தப் பொருள் ஓரிடத்தில் மட்டுமே பொருந்துகிறது.

சிறுவர்கள் ஆழமில்லாத நீரில் புழுவைக் கோத்துத் தூண்டில் போட்டுக் கூடை நிறையக் கட்ஜன் பிடிக்கும் இடம் அது. அதில் சிக்கல் ஏதும் இல்லை. ஆனால் அடுத்த பக்கத்திலேயே ஆலைக்காரர் விடியுமுன் எழுந்து ‘கட்ஜனுக்குக் கொழுப்புத் தடவுகிறார்’. குதிரை வியாபாரி ஒருவன் அளந்துவிட்ட கதையைக் கேட்டு, ஆலைக்காரரின் தம்பி ‘கட்ஜனை விழுங்கிவிடுகிறான்’. பிறகு வெள்ளம் வரும்போது படகின் சுக்கான் ‘கட்ஜன்களிலிருந்து கழன்று’ போய்விடுகிறது. ஆறும் ஆலையும் படகும் ஒரே காட்சியில் இருப்பதால், எங்கே மீன், எங்கே வேறு பொருள் என்று பிரித்துப் பார்ப்பது கடினமாக இருக்கிறது. இவை அனைத்தும் ஒரே சொல்லின் விரிவுகளா? ஒவ்வோர் இடத்திலும் தமிழில் எதை எழுதலாம்?

பதில்: இயந்திரவியல் கற்பிப்பவர்

கொழுப்புத் தடவும் வாக்கியத்தில் மீனுக்கு இடமே இல்லை. அங்கே கட்ஜன் என்பது நீர்ச்சக்கர அச்சின் முனையில் இருக்கும் இரும்பு முளை.

அக்காலத்து நீர்ச்சக்கரங்களின் அச்சு பெரும்பாலும் பருத்த மரத்தால் ஆனது. மரம் தாங்கியின் மேல் நேரடியாக உராய்ந்து சுழன்றால் சீக்கிரமே தேய்ந்துவிடும் என்பதால், அச்சின் இரு முனைகளிலும் இரும்பு முளைகளை ஆழமாகப் பதித்து, மரம் பிளந்துபோகாதபடி அவற்றைச் சுற்றி இரும்புப் பட்டைகளை இறுக்கிப் பூட்டினார்கள். சில முளைகளில், மரத்துக்குள் புதையும் பகுதிக்குச் சிறகுகளைப் போன்ற தகடுகள் இருக்கும். அச்சின் முனையில் அதே வடிவத்தில் வெட்டிய காடிகளுக்குள் அந்தத் தகடுகள் உட்கார்ந்துவிடுவதால், மரம் சுழலும்போது முளை அதனுள் வழுக்கிக்கொண்டு நிற்காமல் சேர்ந்தே சுழலும். சக்கரத்தின் மொத்த எடையும் இந்த இரண்டு முளைகளின் மேல்தான் நிற்கிறது. ஆகவே உராய்வையும் சூட்டையும் குறைக்க விலங்குக் கொழுப்பைத் தடவுவது ஆலைக்காரரின் அன்றாட வேலைகளில் ஒன்று. உங்கள் கதாசிரியர் ஆலைத் தொழிலை நன்கு அறிந்து எழுதியிருக்கிறார் என்றே தோன்றுகிறது.

இந்தச் சொல் இன்றும் வழக்கில் இருக்கிறது. வாகனப் பட்டறைகளில் ‘கட்ஜன் பின்’ என்று சொல்வது, இன்ஜின் உருளைக்குள் முன்னும் பின்னும் ஓடும் பிஸ்டனை, அதன் அசைவைக் கடத்தும் தண்டான கனெக்டிங் ராடின் சிறுமுனையோடு இணைக்கும், உள்ளே துளையுள்ள எஃகு உருளையைத்தான். அதை அமெரிக்கர்கள் ‘ரிஸ்ட் பின்’ அல்லது ‘பிஸ்டன் பின்’ என்பார்கள். எனவே ஓர் இயந்திர நூலில் மூன்று பெயர்களையும் கண்டால் மூன்று உறுப்புகள் என்று எண்ணிவிட வேண்டாம்.

தமிழில் ‘அச்சாணி’ என்று எழுதத் தோன்றும். அதைத் தவிர்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன். அச்சாணி என்பது சக்கரம் கழன்று ஓடாதபடி அச்சின் முனையில் குறுக்கே செருகப்படுவது, சுழற்சியைத் தாங்குவது அதன் வேலை அன்று. ‘அச்சின் இரும்பு முளை’ என்றோ, ‘அச்சுக் குடுமி’ என்றோ எழுதலாம். பழைய கதவுகள் கீலில்லாமல், மேலும் கீழும் நீண்டிருக்கும் குடுமியின் மேல் சுழல்கின்றன அல்லவா? வேலையும் வடிவமும் ஒத்துப்போவதால் ‘குடுமி’ என்பதையே நான் தேர்ந்தெடுப்பேன்.

பதில்: நன்னீர் மீன் ஆர்வலர்

மீனைப் பற்றி நான் சொல்கிறேன். அதிலும் ஒரு சிக்கல் இருக்கிறது.

இங்கிலாந்துக் கதையில் வரும் கட்ஜன், லின்னேயஸ் 1758-இல் விவரித்த இனம். இன்றைய அறிவியல் பெயர் கோபியோ கோபியோ. கெண்டை வகைகளுக்கு நெருங்கிய உறவு. பெரும்பாலும் 10 முதல் 15 செ.மீ. வரை நீளமிருக்கும். மணலும் கூழாங்கல்லும் உள்ள ஆற்றடியில் கூட்டமாக மேய்ந்து, புழுக்களையும் பூச்சிகளின் இளம்பருவ உயிர்களையும் தின்னும். வாயின் இரு ஓரங்களிலும் ஒவ்வொரு மீசை தொங்கும். உடலின் பக்கவாட்டில் கருமையான புள்ளிகள் வரிசையாக இருக்கும். அடியைக் கிளறிக் கலக்கினால், வெளிப்படும் இரையைத் தேடித் தானாகவே கூட்டமாக வந்துவிடும். இதை அறிந்த இங்கிலாந்துத் தூண்டில்காரர்கள் நீண்ட கம்பில் பொருத்திய வாருகோலால் ஆற்றடியை வாரிவிட்டு அந்த இடத்திலேயே தூண்டில் போடுவார்கள். சிறுவர்கள் கூடை நிறையப் பிடித்தார்கள் என்பதில் மிகை ஏதும் இல்லை. உங்கள் கதையில் நீர் கலங்கியிருப்பதாக எங்காவது வந்தால் அதை விட்டுவிடாதீர்கள்.

பெயரைத் தமிழாக்கும்போது ‘அயிரை’ என்று எழுதலாமா என்று யாராவது கேட்கக்கூடும். மணலடியில் வாழும் சிறிய மீன் என்ற அளவில் ஒற்றுமை உண்டு. ஆனால் அயிரை வேறு குடும்பம், அதன் வாயைச் சுற்றிப் பல இணை மீசைகள் இருக்கும். கட்ஜனுக்கு இருப்பது ஒரே ஓர் இணை. ‘உழுவை’யும் சரிவராது. உழுவைக்கு முதுகில் இரண்டு துடுப்புகள் தனித்தனியாக இருக்கும், வயிற்றுத் துடுப்புகள் இரண்டும் ஒன்றாக இணைந்து கிண்ணம் போல் ஆகியிருக்கும். கட்ஜனின் முதுகில் ஒரே துடுப்புதான் உண்டு, அதன் வயிற்றுத் துடுப்புகள் பிரிந்தே இருக்கும். எனவே ‘கட்ஜன்’ என்று ஒலிபெயர்த்து, முதல் முறை வரும் இடத்தில் ‘ஆற்றடியில் மேயும் மீசையுள்ள சிறு கெண்டை’ என்று ஒரு தொடரைச் சேர்ப்பதே நேர்மையான வழி என்பேன்.

இதே பெயரை ஆஸ்திரேலிய நூல் எதிலாவது கண்டால் மீண்டும் விழிப்பாக இருங்கள். அங்கே எலியோட்ரிடே குடும்பத்து மீன்களைக் கட்ஜன் என்கிறார்கள். அவை உழுவைகளுக்கு உறவு, ஐரோப்பியக் கட்ஜனுக்கு அன்று. ‘டாப்மவுத் கட்ஜன்’ என்பது வேறொன்று. கிழக்காசியாவிலிருந்து 1960-களில் ருமேனியாவுக்குள் நுழைந்து, பிறகு ஐரோப்பாவின் நீர்நிலைகளில் பரவி, உள்ளூர் மீன்களுக்குப் பெருந்தொல்லையாகிவிட்ட இனம் அது.

மொழிபெயர்ப்பாளர்

இருவருக்கும் மிக்க நன்றி. ஆலைக் காட்சி முழுவதுமே இப்போது தெளிவாகிவிட்டது. சிறுவர்கள் மீன்பிடிக்கும் பகுதியில் ‘அண்ணன் வாரிக்கொண்டே இருந்தான்’ என்ற வாக்கியத்தின் பொருளும் இப்போதுதான் விளங்குகிறது. ஆற்றில் எதற்காக வாருகிறான் என்று தெரியாமல் அதற்குப் பக்கத்தில் கேள்விக்குறி போட்டு வைத்திருந்தேன்.

‘கட்ஜனை விழுங்கினான்’ என்பது இன்னும் நிற்கிறது. கட்ஜன் என்றால் ஏமாளி என்ற பொருளும் உண்டு என்று நண்பர் ஒருவர் சொன்னார். அப்படியானால் ‘ஏமாளியை விழுங்கினான்’ என்றல்லவா ஆகிவிடுகிறது?

பதில்: ஆங்கில இலக்கியம் கற்பிப்பவர்

உங்கள் நண்பர் சொன்னது சரிதான். ஆனாலும் இந்த வாக்கியத்துக்கு அது பொருந்தாது. மீனிலிருந்து பிறந்த உருவகம் ஆங்கிலத்தில் ஒரே திசையில் போகவில்லை, அதை மூன்றாகப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

முதலாவது, எந்த இரையைக் காட்டினாலும் தயக்கமின்றிக் கவ்வும் மீன் என்பதால், எதைச் சொன்னாலும் நம்பும் மனிதனுக்கு அந்தப் பெயர் வந்தது. இங்கே மனிதனே மீன். ‘ஏமாளி’, ‘இளிச்சவாயன்’, ‘ஏமாந்த சோணகிரி’ ஆகியவற்றுள் பேசுபவரின் தரத்துக்கு ஏற்றதைத் தேர்ந்துகொள்ளலாம்.

இரண்டாவது, இதற்கு நேர் எதிரானது. கட்ஜன் சிறியது என்பதால் பெரிய மீன்களைப் பிடிக்க அதையே தூண்டிலில் இரையாகக் கோப்பார்கள். ஆகவே ‘கட்ஜனை விழுங்குதல்’ என்றால், பெரிய மீனைப் போல இரையைக் கவ்வி மாட்டிக்கொள்ளுதல் என்று பொருள். இங்கே மனிதன் வேறு மீன், கட்ஜன் அவனுக்குக் காட்டப்பட்ட பொய். ஆலைக்காரரின் தம்பி விழுங்கியது குதிரை வியாபாரியின் கதையைத்தான். பழைய ஆங்கிலத்தில் இது வழங்கிவந்த மரபுத்தொடர். அதே கருத்தில், பிறரை ஏமாற்றுவதைக் குறிக்கும் வினைச்சொல்லாகவும் கட்ஜன் என்பதை ஆண்டிருக்கிறார்கள்.

மூன்றாவது நுட்பமானது: எளிதில் கிடைத்தாலும், பிடிக்கும் உழைப்புக்கு ஏற்ற பயன் தராத அற்பப் பொருள். ஷேக்ஸ்பியரின் ‘வெனிஸ் வணிகன்’ 1600-இல் அச்சாயிற்று. அதன் முதல் காட்சியிலேயே கிராஷியானோ அந்தோனியோவிடம், துயரமுகத்தை இரையாக்கி, ஊரார் மதிப்பு என்ற இந்த அசட்டுக் கட்ஜனுக்குத் தூண்டில் போடாதே என்ற கருத்தில் பேசுகிறான். அந்த இடத்தில் கட்ஜன் ஏமாந்தவனும் அன்று, பொய்யும் அன்று. பிடிபடுவதே ஒரு பெருமையாகாத ஒன்று அது.

ஆகவே உங்கள் வாக்கியத்தை ‘வியாபாரி அவிழ்த்துவிட்ட கதையை அவன் அப்படியே நம்பிவிட்டான்’ என்று எழுதினால் பொருள் வந்துவிடும். ஆனால் மீன்பிடிப் படிமம் கதை முழுவதும் ஓடுகிறது என்றால், ‘வியாபாரி போட்ட தூண்டிலை அவன் முழுசாக விழுங்கிவிட்டான்’ என்று எழுதுவது இன்னும் பொருத்தமாக இருக்கும்.

உங்கள் முதல் கேள்விக்கும் விடை சொல்லிவிடுகிறேன். மீனும் இரும்பு முளையும் ஒரே சொல்லின் விரிவுகள் அல்ல. மீனின் பெயர் கிரேக்க ‘கோபியோஸ்’, லத்தீன் ‘கோபியோ’ வழியாகப் பழைய பிரெஞ்சின் ‘கூஜோன்’ என்ற வடிவில் ஆங்கிலத்துக்கு வந்தது. முளையின் பெயரும் பழைய பிரெஞ்சுக் ‘கூஜோன்’தான் என்றாலும், அதன் மூலம் குழிவான வாயுள்ள உளியைக் குறிக்கும் ‘கௌஜ்’ என்ற சொல். உறவில்லாத இரண்டு சொற்கள் பிரெஞ்சிலேயே ஒரே உருவம் பெற்று, ஒன்றன்பின் ஒன்றாக ஆங்கிலத்துக்குள் வந்திருக்கின்றன. இன்றைய பிரெஞ்சிலும் ‘கூஜோன்’ என்பது மீனையும் குறிக்கும், இணைப்பு முளையையும் குறிக்கும். ஏமாளி என்ற பொருள் மட்டுமே மீனின் வழியில் வந்தது. எனவே மீனுக்கும் முளைக்கும் இடையே ஏதோ உருவ ஒற்றுமை இருக்க வேண்டும் என்று தேடிக் களைக்க வேண்டாம்.

பதில்: பாய்ப்படகு செலுத்துபவர்

சுக்கான் பற்றிய வாக்கியத்துக்கு விளக்கம் இது. சிறிய படகின் பின்புறத்தில் மேலொன்றும் கீழொன்றுமாக இரண்டு உலோக வளையங்கள் பொருத்தப்பட்டிருக்கும். சுக்கானில் கீழ்நோக்கிய இரண்டு முளைகள் இருக்கும். முளைகளை வளையங்களுக்குள் மேலிருந்து இறக்கினால் சுக்கான் மாட்டிக்கொண்டு இருபுறமும் திரும்பும். வளையத்துக்குப் பெயர் கட்ஜன், முளைக்குப் பெயர் பின்டில்.

மேலே இயந்திரவியல் நண்பர் சொன்னதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். ஆலையில் கட்ஜன் என்பது முளை, படகில் கட்ஜன் என்பது முளையை ஏற்கும் துளை. ஆலைக்காட்சியில் எழுதிய சொல்லையே படகுக்கும் எழுதினால் வாசகர் தலைகீழாகப் புரிந்துகொள்வார். ‘சுக்கான் தன் வளையங்களிலிருந்து மேலே எழும்பிக் கழன்றுகொண்டது’ என்று எழுதுங்கள். ‘மேலே எழும்பி’ என்பது முக்கியம். சுக்கான் தன் எடையால்தான் அந்த வளையங்களில் நிற்கிறது, மேலே எழும்பாதபடி தடுக்கும் தாழ் இல்லாவிட்டால் வெள்ளநீர் அதைத் தூக்கிவிடும்.

மொழிபெயர்ப்பாளர்

எதிர்பார்த்ததைவிட மிகுதியாகவே கிடைத்துவிட்டது. ஆலையில் ‘அச்சுக் குடுமி’, படகில் ‘வளையம்’, வியாபாரியின் இடத்தில் ‘தூண்டிலை விழுங்கினான்’, மீனுக்குக் ‘கட்ஜன்’ என்று முடிவு செய்திருக்கிறேன். இன்னும் ஒன்று மட்டும் மிச்சம். மூன்றாம் அத்தியாயத்தின் தலைப்பே ‘கட்ஜன்கள்’ என்றிருக்கிறது. அந்த அத்தியாயத்தில் சிறுவர்கள் மீன்பிடிக்கிறார்கள், தம்பி ஏமாறுகிறான், இறுதியில் ஆலையின் முளை முறிந்து சக்கரம் நின்றுவிடுகிறது. ஆசிரியர் மூன்றையும் சேர்த்தே வைத்திருக்கிறார் என்பது இப்போது எனக்குத் தெரிகிறது, ஆனால் தமிழில் ஒரே சொல்லால் அதைக் காட்ட வழியில்லை.

பதில்: ஆங்கில இலக்கியம் கற்பிப்பவர்

மூன்றையும் தமிழ்த் தலைப்பில் காப்பாற்ற முடியாது. முளை முறிவதை அத்தியாயத்தின் நிகழ்ச்சியே சொல்லிவிடுவதால் அதை விட்டுவிடலாம். மீனும் ஏமாற்றமும் சேர்ந்து வருவதற்குத் தமிழில் இடம் உண்டு: ‘தூண்டிலில் சிக்கியவை’ என்று வைத்துப் பாருங்கள். ‘சிக்கியவர்கள்’ என்றால் மீன் போய்விடும் என்பதால் அஃறிணையே இருக்கட்டும், தம்பியின் நிலையும் அதில் சேர்ந்துவிடுகிறது. சொல்விளையாட்டு முழுவதையும் வாசகர் அறிய வேண்டும் என்று கருதினால், அடிக்குறிப்பைத் தலைப்பின் கீழே போடாமல் சக்கரம் நிற்கும் இடத்தில் போடுங்கள். அங்கே வரும்போதுதான் வாசகருக்கு அது தேவைப்படும்.