பாலம் இல்லாத பாலப் போர்

வரப்பு: நேற்று ராத்திரி மறுபடி ‘பிரேவ்ஹார்ட்’ பார்த்தேன், 1995 படம். ஸ்காட்லாந்துக்காரர்கள் ஆங்கிலேயரை ஜெயித்த ஸ்டெர்லிங் பாலப் போரைப் பாலமே இல்லாமல் எடுத்து வைத்திருக்கிறார்கள்! மாப்பிள்ளை வராத கல்யாண வீடியோ மாதிரி இருக்கிறது.

கடைசிபெஞ்ச்: சினிமாவை சினிமாவாகப் பாருங்கள் சார். ஐந்து ஆஸ்கர் வாங்கிய படம். ஸ்காட்லாந்து வீரன் வில்லியம் வாலஸ் யாரென்றே நம்மில் பலருக்கு அதைப் பார்த்துத்தான் தெரியும். பாலம் இருந்தால் என்ன, ஜெயித்தது ஸ்காட்லாந்துதானே?

வரப்பு: ஜெயித்ததே பாலத்தால்தானே ஐயா! 1297 செப்டம்பர் 11. ஃபோர்த் ஆற்றின் மேல் ஒடுக்கமான மரப்பாலம், இரண்டு குதிரை ஜோடியாகப் போனாலே நெருக்கடி, இறங்கினால் சதுப்பு நிலம். வடகரைக் குன்றில் வாலஸும் அவரோடு படை நடத்திய ஆண்ட்ரூ மரேயும் காத்திருந்து, ஆங்கிலேயப் படையில் ஒரு பகுதி இந்தப் பக்கம் வந்ததும் இறங்கிப் பாலத்தின் வாயை அடைத்துவிட்டார்கள். வந்தவன் திரும்ப முடியாது, தென்கரையில் நின்ற ஆங்கிலேயத் தளபதி சர்ரே பிரபு வேடிக்கைதான் பார்க்கலாம். படத்திலோ வெட்டவெளியில் ஒரு வீர வசனம், அப்புறம் வெட்டு குத்து. மரே என்ற ஆளையே காணோம்.

தூக்கணாங்குருவி: இதில் தமாஷ், அந்த சர்ரே பிரபு அன்று காலையில் தூங்கிவிட்டார், அதனால் முன்பே பாலம் தாண்டியவர்களைத் திரும்பக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஆற்றில் இறங்கிக் கடக்கிற வேறொரு இடத்தில் அறுபது பேர் ஒரே வரிசையில் கடக்கலாம் என்று ஒருவர் சொல்லியும் கேட்கவில்லை. கஜானா அதிகாரி கிரெசிங்ஹாம், மன்னர் காசு வீணாகிறது, சீக்கிரம் போங்கள் என்று விரட்டினாராம். பழைய வரலாற்றுக் குறிப்பிலேயே இருக்கிறது. என்ன சீன் இது, விட்டுவிட்டார்களே!

கடைசிபெஞ்ச்: ஆற்றில் ஆயிரக்கணக்கான பேரை இறக்கி எடுக்கிற செலவை நீங்களா கொடுப்பீர்கள்? இன்னொன்று, 1997இல், சரியாக 700 வருடம் கழித்து அதே செப்டம்பர் 11இல், தனி நாடாளுமன்றம் வேண்டும் என்று ஸ்காட்லாந்து ஓட்டுப் போட்டது. படத்துக்கு அதில் துளி பங்குகூட இல்லையா?

வரப்பு: இருக்கலாம், மறுக்கவில்லை. அதே வருடம் வாலஸ் நினைவுக் கோபுரத்தின் கார் நிறுத்தத்தில் ஒரு சிலையும் வைத்தார்கள். முகம் படத்தில் வாலஸாக நடித்த மெல் கிப்சனுடையது, கேடயத்தில் படத்தின் பெயர். அதை ஆட்கள் உடைக்கப் போய், சுற்றிக் கம்பிக்கூண்டு போட வேண்டியதாயிற்று. நான் சொல்வது இந்தக் கூத்தைத்தான்.

கடைசிபெஞ்ச்: சிலை விஷயம் எனக்குப் புதிது. சரி, படத்தில் வாலஸுக்கும் இளவரசி இசபெல்லாவுக்கும் வருகிற காதலாவது நிஜமா?

தூக்கணாங்குருவி: போர் நடந்தபோது அந்தம்மாவுக்கு இரண்டு வயது இருக்கும்.