ஓய்பின் மலையில் நீங்கள் சந்தித்தது யாரை?

மலைக்கோட்டையான்:
நான் படிக்கிறது சிட்டாவ்ல. கிழக்கு ஜெர்மனியில சாக்சனி மாநிலத்தோட தென்கிழக்கு மூலை, செக் எல்லையும் போலந்து எல்லையும் கைக்கெட்டுற தூரம். வந்த புதுசுல ஒரு சனிக்கிழமை சாயங்காலம் தனியா ஓய்பின் மலை ஏறினேன். 514 மீட்டர்தான். இங்க எல்லாரும் தேனீக்கூடை மாதிரின்னு சொல்ற மணல்கல் பாறை, எனக்கு ஆயா வீட்டுக் கோழிப் பஞ்சாரத்தைக் கவிழ்த்து வச்ச மாதிரி இருந்துச்சு.

மேல இடிஞ்ச கோட்டை, பக்கத்துலயே கூரை இல்லாத மடத்துக் கோயில். பேரரசர் நான்காம் சார்ல்ஸ் 1369-ல செலஸ்டின் துறவிகளுக்காக ஏற்படுத்தின மடம். கோயில் 1384-ல முடிஞ்சுது. சுவர்ல ஒரு பகுதி கட்டினதே இல்ல, மலைப்பாறையை அப்படியே செதுக்கி விட்டிருக்காங்க. திருச்சிக்காரனுக்கு இது ஒண்ணும் புதுசு இல்லைதான், ஆனாலும் கையை வச்சுப் பாத்துக்கிட்டே நின்னுட்டேன். 1577-ல இடி விழுந்து எரிஞ்சிருக்கு. 1681-ல பாறை சரிஞ்சு இன்னும் கொஞ்சம் போயிருக்கு.

இருட்டுற நேரம். எங்கேயோ லத்தீன்ல பாட்டு. திரும்பிப் பாத்தா முக்காடு போட்ட உருவங்க, கையில தீப்பந்தம், வரிசையா வருது. கால் நகரல. "முருகா"ன்னு நான் சொன்னது எனக்கே கேட்டுச்சு. கடைசியா வந்த துறவியோட அங்கிக்குக் கீழ ஆரஞ்சு கலர் ஓட்டப்பந்தய ஷூ! என்னைப் பாத்துத் தலையசைச்சு "குட்டன் ஆபெண்ட்"னு மாலை வணக்கம் சொல்லிட்டுப் போனாரு. கோடைக்காலத்துல உள்ளூர்க்காரங்க துறவி வேஷம் கட்டி இப்படி ஊர்வலம் போவாங்களாம். அது தெரியாமப் போனது நான் ஒருத்தன்தான் போல. நீங்க அங்க யாரைப் பாத்தீங்க?

அடுத்தரயில்:
புகையைப் பாத்தேன். சிட்டாவ்லேர்ந்து போற நீராவி ரயில், 1890-லேர்ந்து ஓடுது. பெர்ட்ஸ்டோர்ஃப் ஸ்டேஷன்ல ரெண்டு வண்டி ஒரே நேரத்துல கிளம்பும், ஒண்ணு ஓய்பினுக்கு, ஒண்ணு யோன்ஸ்டோர்ஃபுக்கு. நான் எதுல ஏறியிருப்பேன்னு சொல்லவும் வேணுமா.

வன்னிக்குருவி:
நாங்கள் டோர்ட்முண்டில இருந்து பிள்ளையளோட போனனாங்கள். அந்தக் கோயிலுக்குப் பக்கத்தில, மலைக்கு மேலயே ஒரு சவக்காலை இருக்கு. கண்டனீங்களோ தம்பி? அங்க ஒரு வயசான அம்மா பச்சைப் பூவாளியால பூக்கண்டுகளுக்குத் தண்ணி ஊத்திக்கொண்டு நிண்டவா. என்ர மகள் ஓடிப்போய் வாளியை வாங்கி ஊத்தினாள். பேந்து கதைக்கத் தொடங்கினவா, நிப்பாட்டேல்லை.

சண்டை முடிஞ்ச நேரம், 1945 இல, சோவியத் சிப்பாய்மார் இந்த மலைக்குக் கீழ காட்டுக்குள்ள ஆவிக்குளியலுக்கு ஒரு கொட்டில் போட்டவையாம். அதின்ர சுவருக்கு ஒரு பெரிய பழைய துணியைக் கிழிச்சு அடிச்சிருக்கினம். அது 1472 ஆம் ஆண்டுத் துணி! தவக்காலத்தில பீடத்தை மறைச்சுக் கட்டுற திரை. விறகு பொறுக்கப் போன ஆள்தான் கண்டெடுத்ததாம். "நாளைக்குச் சிட்டாவில போய்ப் பாருங்கோ"எண்டு சொன்னா. இவருக்கு மியூசியம் எண்டால் ஆகாது, ஆனால் வந்தவர்.

அந்தத் திரை 8.20 மீட்டர் உயரம், 6.80 மீட்டர் அகலம். தொண்ணூறு படம், உலகத்தைப் படைச்சதில இருந்து கடைசித் தீர்ப்பு மட்டும். ஆவியில சாயம் கழுவுப்பட்டு, சில இடத்தில முகங்கள் இல்லை, நிழல்தான். சுவிஸில கொண்டுபோய்த் திருத்தி எடுத்திருக்கினம். மகள் "ஏன் அம்மா இப்பிடிச் செய்தவை?" எண்டு கேட்டாள். எனக்கு அவையில கோபம் வரேல்லை. 95 இல சாவகச்சேரிக்கு இடம்பெயர்ந்த நேரம், பள்ளிக்கூட வகுப்புக்குள்ள எங்கட குடும்பத்துக்கு மறைப்பா அம்மா கட்டினது தன்ர கூறைச்சேலையை.

தூரிகை:
அக்கா, இதைப் படிச்சுட்டு என் கதையைச் சொல்லவே கூச்சமா இருக்கு. நான் போனது காஸ்பர் டாவிட் ஃப்ரீட்ரிக்குக்காக. இந்த இடிபாட்டை வரைஞ்ச ஜெர்மன் ஓவியர். 'கனவு காண்பவன்'னு ஒரு படம், ரஷ்யாவுல ஹெர்மிடாஜ் மியூசியத்துல இருக்கு: பெரிய ஜன்னல்ல ஒருத்தன் தன்னந்தனியா சாய்ஞ்சு உக்காந்திருப்பான். நானும் அந்தத் தனிமையைத் தேடிப் போனேன். ஜன்னல் பக்கம் செல்ஃபிக்கு ஏழு பேர் வரிசையில நின்னாங்க. எட்டாவது ஆளா நானும் நின்னேன், வேற என்ன செய்ய.

மலைக்கோட்டையான்:
சவக்காலையைக் கவனிக்கவே இல்லக்கா, துறவிங்களைப் பாத்ததும் இறங்கி ஓடினவன்தானே. வர்ற சனிக்கிழமை மறுபடி போறேன். அந்தம்மா இருந்தா பேசணும். பச்சைப் பூவாளின்னுதானே சொன்னீங்க?

வன்னிக்குருவி:
ஓம் தம்பி. ஆனால் அங்க நிக்கிற எல்லாற்ற பூவாளியும் பச்சைதான்.