சனிக்கிழமைக் கணக்கு

திருப்பூர் பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை எனக்கு. காலை எட்டரைக்குப் போனால் ஒன்றரை ஷிப்ட் முடிந்து இரவு எட்டுக்குத்தான் வெளியே வருவேன். சனிக்கிழமை சம்பளம். பையன் அரசுப் பள்ளியில் பிளஸ் டூ. அவன் அப்பா எங்களை விட்டுப் போனபோது இவன் நான்காம் வகுப்பு. அந்தக் கதை இங்கே வேண்டாம்.

சின்ன வயதில் வாய் ஓயாதவன், மீசை அரும்பியதும் அடங்கிவிட்டான். "சாப்டியா கண்ணு?" "ம்." "பரீட்சை?" "ம்." அப்பா இல்லாத பிள்ளை, மனசுக்குள் எதையோ வைத்திருக்கிறான், உட்காரவைத்துப் பேசு என்று அண்ணன் சொல்லிக்கொண்டே இருப்பார். அவர் வீட்டிலும் அதே வயதில் ஒருவன் இருக்கிறான். அப்பா இருந்தும் அவனும் "ம்"தான்.

எங்கள் பேச்செல்லாம் வரவுசெலவு நோட்டில். சம்பளக் கவரை அவனிடம் கொடுத்துவிட்டுக் குளிக்கப் போவேன். வருவதற்குள் வாடகை, சீட்டு, கேஸ், மளிகை என்று பிரித்து எழுதி வைத்திருப்பான். ஒரு வாரம் மளிகைக்குக் கீழே "அம்மா கண்ணாடி" என்று ஒரு வரி. நான் யாரிடமும் வாய் திறக்கவில்லை. அரிசியில் கல் பார்க்கையில் முறத்தைத் தள்ளித் தள்ளிப் பிடிப்பதைக் கவனித்திருக்கிறான். வெள்ளெழுத்துதானே, நாற்பதுக்கு மேல் எல்லோருக்கும் வருவது, அடுத்த மாதம் பார்க்கலாம் என்றேன்.

"பீஸ்ல ஓட்டையை விட்டுட்டா யாரைத் திட்டுவாங்க?" என்றான். மறுநாளே கடைக்குப் போனோம்.

காலேஜும் அந்த நோட்டில்தான் இருக்கிறது. அரசுப் பள்ளியில் ஆறாவதிலிருந்து பன்னிரண்டு வரை படித்த பையன்கள் மேற்படிப்பில் சேர்ந்தால் மாதம் 1000 ரூபாய் தரும் தமிழ்ப் புதல்வன் திட்டம் 2024 ஆகஸ்டில் வந்ததல்லவா, அந்தப் பணத்தைக் கடைசிப் பக்கத்தில் இப்போதே வரவு வைத்துவிட்டான். என்ன படிக்கப் போகிறாய் என்று கேட்டால் மட்டும் "பார்க்கலாம்".

கண்ணாடி வந்த பிறகு நோட்டை நானும் ஒழுங்காகப் படிக்கிறேன். போன வாரம் "இதர" என்று ஒரு செலவு. எதுவென்று எழுதவில்லை. பாத்ரூம் மாடத்தில் சோப்பு டப்பாவுக்குப் பின்னால் புது ரேசர் இருந்தது. கேட்டால் வெட்கப்படுவான். கீறிக்கொண்டால் தடவட்டும் என்று படிகாரம் ஒரு கட்டி வாங்கி அதன் பக்கத்தில் வைத்தேன். இந்தச் சனிக்கிழமை அந்தப் பணத்தையும் "இதர"வில் சேர்த்து எழுதியிருக்கிறான்.