பிரிவதற்குக் கைகோத்த இருவர்

மேடையில் பார்த்து மறக்க முடியாமல் போனதைப் பற்றி எல்லோரும் சொல்கிறீர்கள், நானும் ஒன்று சொல்கிறேன். 2019 இல் இங்கிலாந்தில் ஒரு சிற்றூர் மண்டபத்தில், ஊர்க்காரர்களே சேர்ந்து நடித்த ‘தி போஸ் ஸ்ட்ராட்டஜம்’. ‘மைனர்கள் போட்ட திட்டம்’ என்று வைத்துக்கொள்ளலாம். ஜார்ஜ் ஃபார்குவர் எழுதிய நகைச்சுவை நாடகம். 1707 மார்ச் 8 அன்று லண்டன் ஹேமார்க்கெட்டில் முதலில் மேடையேறியது.

பணத்தைக் கரைத்துவிட்ட இரண்டு லண்டன் மைனர்கள், ஒருவன் பிரபுவாகவும் மற்றவன் அவன் வேலைக்காரனாகவும் வேடம் போட்டு லிச்ஃபீல்ட் சத்திரத்தில் வந்து இறங்குகிறார்கள். வசதியான பெண்ணாகப் பார்த்துக் கல்யாணம் செய்துகொள்வதுதான் எண்ணம். சத்திரக்காரன் போனிஃபேஸ் வழிப்பறிக்காரர்களுக்குக் கூட்டாளி. (இவன் பெயரே அப்புறம் ஆங்கிலத்தில் சத்திரக்காரர்களுக்குப் பொதுப்பெயர் ஆகிவிட்டது.) எல்லாம் கலகலப்பாகப் போகிறது.

ஆனால் என்னைக் கட்டிப்போட்டவள் திருமதி சல்லன். குடிகாரப் பண்ணையாருக்கு வாழ்க்கைப்பட்டவள். புருஷன் விடிகாலை நாலு மணிக்கு வந்த கதையை நாத்தனாரிடம் சொல்கிறாள். தேநீர் மேசைமேல் விழுந்து அதை நொறுக்கிவிட்டு, மீன்காரன் கூடையில் விழுந்த மீன்போலத் தொப்பென்று கட்டிலில் விழுகிறான். கால் பனிக்கட்டி, மூச்சு உலை. போர்வையை முழுக்க இழுத்துக்கொள்கிறான். மிச்ச ராத்திரி முழுவதும் குறட்டைக் கச்சேரி. மண்டபமே சிரித்தது, நானும் சிரித்தேன். நடித்த அம்மா மட்டும் துளிகூடச் சிரிக்கவில்லை. அங்கேதான் எனக்கு மனசு கனக்கத் தொடங்கியது.

கடைசிக் காட்சியில், உங்களுக்குள் என்னதான் தடை என்று இருவரையும் கேட்கிறார்கள். அவரோடு என்னால் பீர் குடிக்க முடியாது என்கிறாள் இவள். இவளோடு என்னால் தேநீர் குடிக்க முடியாது என்கிறான் அவன். வேட்டை, நடனம், சீட்டாட்டம் என்று ஒவ்வொன்றாக அடுக்குகிறார்கள். சரி, ஏதாவது ஒன்றிலாவது ஒத்துப்போவீர்களா என்றால், போவோம், பிரிவதில் என்று பதில். கைகோத்து, சேர்த்த கைகளே பிரிக்கட்டும் என்று சொல்லிக் கைகளை விடுகிறார்கள். வடக்கு, தெற்கு, கிழக்கு, மேற்கு என்று மாறி மாறிச் சொல்கிறார்கள். அந்த ஊர் நடிகர்கள் ஒவ்வொரு சொல்லுக்கும் ஓரடி பின்னால் வைத்தார்கள். நான்காவது சொல்லில் நடுவில் வெறும் பலகைத் தரை மட்டும்தான் தெரிந்தது.

அந்தக் காலச் சட்டத்தில் இது நடக்கவே நடக்காது. மறுமணத்துக்கு வழிவிடும் விவாகரத்து வேண்டுமென்றால் நாடாளுமன்றத்தில் தனிச்சட்டம் போட வேண்டும். விவாகரத்துக்கென்று நீதிமன்றம் வந்ததே 1857 ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகுதான். யார்மேலும் குற்றம் சாட்டாமல், வருஷக்கணக்கில் தனியாக இருந்து காட்டவும் வைக்காமல் பிரியலாம் என்ற நிலை 2022 ஏப்ரலில் வந்தது. சட்டம் எட்டுவதற்கு 300 ஆண்டுக்கு மேல் ஆனதை ஃபார்குவர் ஒரு நகைச்சுவை நாடகத்தில் சாதாரணமாக நடத்திக் காட்டிவிட்டார். அதுவும் சாகக் கிடந்த நேரத்தில். அச்சில் வந்தபோது, இதிலுள்ள பிழைகளைத் திருத்த நோய் விடவில்லை என்று குறிப்பு எழுதினார். அரங்கேறிய சில வாரங்களிலேயே போய்விட்டார். வயது முப்பது வாக்கில்தான்.

அன்று என் பக்கத்து நாற்காலியில் எழுபது வயது மதிக்கத்தக்க ஓர் ஆங்கிலேய அம்மா. சல்லன் தம்பதி வரும்போதெல்லாம் விழுந்து விழுந்து சிரித்தவர், ‘வடக்கு’ என்ற சொல் வந்ததும் நிறுத்திவிட்டார். விளக்குப் போட்ட பிறகும் எழுந்திருக்கவில்லை. கோட்டை எடுத்துக் கொடுத்தேன். வாங்கி மடியில் வைத்துக்கொண்டு, “என் வீட்டுக்காரர் ஒப்புக்கொள்ளவே இல்லை. ஐந்து வருஷம் தனியாக இருந்து காட்டிய பிறகுதான் விட்டார்கள்” என்றார். அப்புறம் மேடையைப் பார்த்தபடி, “இவளுக்கு நாலு சொல் போதுமாக இருந்ததே” என்றார்.