ஹெவி டி அண்ட் த பாய்ஸ்: பழைய எல்பி, கேசட் வைத்திருப்பவர்கள் உதவுங்கள்

நண்பர்களே, நியூயார்க் பக்கம் மவுண்ட் வெர்னனிலிருந்து வந்த ஹெவி டி ராப் குழுவைப் பற்றி எழுதிக்கொண்டிருக்கிறேன். 1989-இல் வந்த 'பிக் டைம்' எல்பியோ கேசட்டோ யாரிடமாவது இருந்தால், பாட்டுவாரியாகத் தயாரிப்பாளர் பெயர் போட்டிருக்கும் உள்ளட்டையைப் படம் எடுத்துப் போட முடியுமா? டெடி ரைலி, எடி எஃப், மார்லி மார்ல் எனப் பலர் கை வைத்த ஆல்பம் அது. யார் தாளம் எது என்று தெரிந்தால்தான் ராப்புக்குள் நியூ ஜாக் ஸ்விங் (ஆர் அண்ட் பி பாட்டையும் ஹிப்-ஹாப் தாளத்தையும் கலந்த பாணி) எப்படி நுழைந்தது என்று சரியாகச் சொல்ல முடியும். அப்புறம், 1990-இல் அவர்களுடைய நடனக் கலைஞர் ட்ரபிள் டி ராய் இறந்தபிறகு வந்த 'பீஸ்ஃபுல் ஜர்னி' அட்டையும் வேண்டும். அந்தத் துக்கத்தோடு இப்படி ஆட வைக்கும் ஆல்பம் போட்டது எனக்குப் பெரிய விஷயம். படம் மங்கலானாலும் பரவாயில்லை, எழுத்து தெரிந்தால் போதும்.