வாவிக்கரைப் பழைய மாதா கோயில்: சுவர் பொருமுது, வயதும் தெரிய வேணும்

வாவிக்கரையான்:
மட்டக்களப்பு வாவியில் இருந்து நூறு யார் தூரத்தில் நிற்கிற சிறிய கத்தோலிக்கக் கோயில். செங்கல் சுவர், 2 அடி தடிப்பு. கூரை அஸ்பெஸ்டஸ். நிலத்தில் இருந்து 4 அடி வரை பூச்சு பொருமி விழுது, உள்ளே கல் மாவாய்க் கொட்டுது. சீமெந்து இரண்டு தரம் பூசியாச்சு, ஒவ்வொரு தரமும் ஈரம் முந்தினதை விட மேலே ஏறி நிற்குது. திருவிழாவுக்கு முதல் எல்லாப் பூச்சையும் கொத்தி எடுத்து, நீர்த்தடுப்பு மருந்து கலந்த சீமெந்து பூசி, 4 அடிக்கு மாபிள் ஒட்டுவோம் என்பது பங்குச் சபையின் எண்ணம். சரிவருமா?

இன்னொன்று. போத்துக்கேயர் கட்டின கோயில் என்று ஊரில் சொல்றாங்க. அதை நினைவுக்கல்லில் பொறிக்க முதல் எதைப் பார்த்து உறுதி செய்வது?

புளியந்தீவு_67:
கல்லில் இப்போதைக்கு எதுவும் பொறிக்க வேண்டாம். போத்துக்கேயர் இங்கே கோட்டை கட்டியது 1628, ஒல்லாந்தர் அதைப் பிடித்தது 1638. இடையில் பத்தே வருடம். அதற்குப் பிறகு ஒல்லாந்தர் கத்தோலிக்க வழிபாட்டுக்குத் தடை போட்டார்கள், அந்தக் கட்டுப்பாடுகள் ஆங்கிலேயர் காலத்தில், 1806இல்தான் நீங்கின. உங்கள் ஊரில் கத்தோலிக்க வேதம் போத்துக்கேயர் காலத்தில் இருந்தே இருந்திருக்கலாம், கோயில் நிற்கிற காணியும் பழையதாய் இருக்கலாம். நிற்கிற சுவர் வேறு கேள்வி.

சுவரிடமே கேட்கலாம். முதலில் கூரைக்கு உள்ளே ஏறி, முகப்புச் சுவரின் உட்பக்கத்தை டோர்ச் அடித்துப் பாருங்கள். இப்போதைய கூரையை விடச் செங்குத்தான சரிவில் ஒரு பழைய சாந்துக் கோடும், கைமரம் செருகின குழிகளும் இருந்தால், முன்பு ஓட்டுக் கூரை இருந்தது என்று அர்த்தம். 1978 நவம்பர் 23 சூறாவளியில் இந்தக் கரையில் ஏராளமான கூரைகள் பறந்தன, உங்கள் அஸ்பெஸ்டஸ் அதற்குப் பிறகு வந்ததா என்று பெரியவர்களிடம் கேளுங்கள். மூலையில் பழைய ஓடு குவிந்து கிடந்தால் ஒன்றைப் புரட்டி முத்திரையைப் பாருங்கள். மங்களூரில் பாசல் மிஷன் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கியது 1865, ஆகவே அந்த முத்திரை உள்ள ஓடு அதற்கு முந்தியதாய் இருக்க வழியில்லை.

அடுத்தது பீடப்பக்கச் சுவர் நீளச் சுவரோடு சேரும் மூலை. செங்கல்கள் ஒன்றுக்குள் ஒன்று பின்னிப் போகிறதா, மேலிருந்து கீழே நேர்க்கோடாய் வெடிப்புப் போல பிரிகிறதா? நேர்க்கோடு என்றால் இரண்டும் வேறு வேறு காலம். முதலில் கட்டின சிறிய கோயில் இன்றைய பீடப்பகுதியாக நிற்பது வழமை. இரண்டு பக்கத்திலும் பத்துப் பத்து வரிசைக் கல்லின் உயரத்தைச் சாந்தோடு அளந்தால் வித்தியாசம் உடனே தெரியும்.

ஞானஸ்நானப் பதிவேடு, மணியில் வார்த்த எழுத்து இரண்டையும் பாருங்கள். மட்டக்களப்பு அன்று அடங்கியிருந்த திருகோணமலை மறைமாவட்டம் 1893இல் உருவாகி 1895இல் பிரெஞ்சு இயேசு சபைக் குருக்களிடம் கையளிக்கப்பட்டது. அவர்கள் காலத்தில் பெருப்பித்த கோயிலாய் இருந்தால் அவர்களது பிரெஞ்சுக் குறிப்புகளில் அகப்படக்கூடும்.

தயவுசெய்து கொத்த முதல் இதெல்லாம் பாருங்கள். 1815 மார்ச் 2க்கு முந்திய கட்டடம் என்றால் 1940ஆம் ஆண்டுத் தொல்பொருட் சட்டத்துக்குள் வரும், திணைக்களத்தைக் கேட்காமல் உளி வைக்கக் கூடாது.

சுண்ணாம்புக்காரன்:
மாபிள் ஒட்டினால் ஈரம் 7 அடிக்கு ஏறும். அதைத்தான் ஏற்கனவே இரண்டு தரம் பார்த்திருக்கிறீர்கள்.

வாவிப் பக்கத்தில் நிலத்தடி நீர் ஆழமில்லை, உப்பும் கரைந்திருக்கு. அந்தக் காலத்து அத்திவாரத்தில் ஈரத்தடுப்பு இல்லை, செங்கல் தண்ணீரை உறிஞ்சி ஏற்றும். சுண்ணாம்புப் பூச்சு என்றால் ஈரம் அதனூடாக வெளியேறி உப்பு மேற்பரப்பில் பூக்கும், பூச்சுத்தான் உதிரும், கல் தப்பும். சீமெந்து அந்த வழியை அடைக்கிறது. உப்பு சீமெந்துக்குப் பின்னால், கல்லுக்குள்ளேயே படிகமாகிப் பருத்துக் கல்லை உடைக்குது. நீங்கள் சொல்கிற மாவு அதுதான்.

எல்லாப் பூச்சையும் கொத்தாதீர்கள். ஆணியால் கீறிப் பாருங்கள்: சீமெந்தில் வெறும் கோடு விழும், பழைய சுண்ணாம்பு பொடியாய் உதிரும், அதற்குள் சரியாய் வேகாத சிப்பித் துண்டோ முருகைக்கல் (பவளப்பாறை) துண்டோ அரிசிக் குறுநொய் போல வெள்ளையாய்த் தெரியும். விரல் மடக்கித் தட்டினால் கெட்டிச் சத்தம் வருகிற சுண்ணாம்பை விட்டுவிடுங்கள், சீமெந்தை மட்டும் கை உளியால் எடுங்கள். கொத்தும் மெஷின் வேண்டாம், கல்லும் சேர்ந்து வரும்.

அதோடு சுவரைச் சுற்றிப் போட்ட சீமெந்துத் தளத்தைப் பாருங்கள். நிலத்து ஈரம் மேலே போக வழியில்லாமல் சுவருக்குள்தான் போகும். சுவரோரம் 2 அடி அகலத்துக்கு அதை உடைத்து, சல்லி நிரப்பி, மண் மட்டத்தை உள்நிலத்தை விட அரை அடியாவது இறக்குங்கள். கூரைக்கு மழைத்தண்ணீர் வடிக்கிற பீலி இல்லாவிட்டால் போடுங்கள். பாதி வியாதி இதிலேயே குறையும்.

சீமெந்து எடுத்த சுவர் ஒரு கச்சான் காலம் (வறண்ட தென்மேற்குக் காற்று வீசுகிற மாதங்கள்) முழுக்கத் திறந்து கிடக்க வேணும். உப்பு பூக்கப் பூக்க காய்ந்த தும்புத் தூரிகையால் தட்டி, கீழே விரித்த சாக்கில் ஏந்தி அப்புறப்படுத்துங்கள். கழுவினால் உப்பு திரும்ப உள்ளே போகும். ஆகவே இந்தத் திருவிழாவுக்கு முடியாது, தம்பி. மாரி முடிந்து மாசி, பங்குனியில் பூசுங்கள்.

சாந்து: நீற்றிப் புளிக்க வைத்த சுண்ணாம்புக் களி 1 பங்கு, கழுவின ஆற்று மணல் 3 பங்கு. கடல் மணல் தொடவே கூடாது. சுவரை நனைத்து, ஒரு தட்டுக்கு 10 மில்லிமீற்றருக்கு மேல் போகாமல் பூசுங்கள். பெருவிரல் நகம் மட்டும் பதிகிற இறுக்கம் வந்த பிறகு அடுத்த தட்டு. ஈரச்சாக்குத் தொங்கவிட்டு 7 நாளாவது காயாமல் வைத்திருக்க வேணும். சுண்ணாம்பு காற்றை இழுத்துத்தான் இறுகும், அதற்கு ஈரம் தேவை. வெயிலில் சட்டென்று காய்ந்தால் வெடித்துப் பொடியாகும். மேலே பெயின்ற் அடிக்காமல், பால் பதத்தில் சுண்ணாம்பு 5 கை அடியுங்கள்.

வாவிக்கரையான்:
நன்றி அண்ணன்மார். முருகைக்கல் சுண்ணாம்பு இப்ப எங்கே எடுப்பது? கடை மூடைச் சுண்ணாம்பு சரிவருமா? கூரையைத் திரும்ப ஓடாக்கலாமா?

சுண்ணாம்புக்காரன்:
முருகைக்கல் தோண்டுவது சட்டவிரோதம், தேடாதீர்கள். மூடைச் சுண்ணாம்பு போதும். ஆனால் மாத்தளை, கண்டிப் பக்கச் சுண்ணாம்புக் கல் பெரும்பாலும் தொலமைற்று, அதில் உள்ள மக்னீசியா மெதுவாய்த்தான் நீறும். அவசரப்பட்டுப் பூசினால் சுவரில் இருந்தே நீறிப் பருத்து, அம்மைத் தழும்பு போலக் குழி விழும். பரலில் தண்ணீரில் போட்டு 3 மாதம் ஊற விடுங்கள், மேலே எப்போதும் 2 அங்குலம் தண்ணீர் நிற்க வேணும். நீறாத கல் கிடைத்தால் தண்ணீருக்குள் கொஞ்சம் கொஞ்சமாய்ச் சுண்ணாம்பைப் போடுங்கள். சுண்ணாம்பின் மேல் தண்ணீரை ஊற்றினால் கொதித்துத் தெறிக்கும், கண் போய்விடும். கண்ணாடி கட்டாயம்.

புளியந்தீவு_67:
ஓடு சதுர மீற்றருக்குச் சுமார் 15, ஒன்று 2.5 கிலோ என்றால் 38 கிலோ சுமை. அஸ்பெஸ்டஸ் அதில் பாதிக்கும் குறைவு. இப்போதைய கைமரம் அதைத் தாங்காது, சரிவும் காணாது, மழை அடித்து உள்ளே வரும். நான் சொன்ன பழைய சாந்துக் கோட்டின் சரிவை அளந்து இங்கே போடுங்கள், அந்தக் கோணத்துக்கு மரம் கணக்கிடலாம். தகடு கழற்றும்போது உடைக்காமல், நனைத்து, முழுசாய் இறக்க வேணும். தூசு சுவாசத்துக்குள் போகக் கூடாது.